காய்ந்துபோன நெல்லுக்கு யார் பொறுப்பு? கூட்டுறவு சங்கங்களை கோர்ட் படியேற வைக்கும் 'எடைக் குறைவு' வழக்குகள்

நவம்பரில் 100 கிலோ நெல் வாங்குகிறீர்கள். மூட்டை கட்டி, அட்டி போட்டு, மேலே தார்ப்பாய் மூடி வைக்கிறீர்கள். திருட்டு இல்லை, எலி இல்லை, மழை இல்லை என்றே வைத்துக்கொள்வோம். மார்ச்சில் லாரி வருகிறது. எடை போட்டால் 96 கிலோ சொச்சம்தான் இருக்கிறது. மீதி மூன்றரை கிலோ எங்கே போச்சு?

காற்றில் போச்சு. அது நெல் இல்லை, நெல்லுக்குள் இருந்த தண்ணீர். ஆனால் அரசுக் கணக்குப் புத்தகத்தில் 'தண்ணீர்' என்று தனியாக ஒரு பத்தி கிடையாது. அங்கே அதன் பெயர் 'பற்றாக்குறை'. பற்றாக்குறை என்றால் யாராவது ஒருவர் பணம் கட்ட வேண்டும். கட்டவில்லை என்றால் நோட்டீஸ், சம்பளப் பிடித்தம், சில நேரம் எஃப்.ஐ.ஆர்.

சத்தீஸ்கரில் ஆண்டுதோறும் நெல் கொள்முதல் முடிந்த கையோடு தொடங்கும் சண்டை இதுதான். ஒரு பக்கம் கிராமத்து தொடக்க வேளாண்மை கூட்டுறவு சங்கங்கள். மறுபக்கம் அவற்றை வைத்து நெல் வாங்கும் மாநிலக் கூட்டுறவு விற்பனை இணையமான 'மார்க்ஃபெட்'. இந்த மூன்றரை கிலோவுக்கு இந்தியில் 'சுக்கத்' என்று பெயர். நம்ம ஊரில் சொன்னால் காய்ச்சல் இழப்பு.

நம்ம டெல்டாவில் நேரடி நெல் கொள்முதல் நிலையத்தில் வேலை பார்க்கும் பட்டியல் எழுத்தர் யாரையாவது உங்களுக்குத் தெரியும் என்றால், இந்தக் கதை புதுசாக இருக்காது. அதற்கும் வருவோம்.

ஏன் சத்தீஸ்கர்?

நெல் கொள்முதல் அங்கே வெறும் வேளாண் திட்டம் இல்லை, தேர்தல் அரசியலின் மையமே அதுதான். 2018-ல் காங்கிரஸ் குவிண்டாலுக்கு 2,500 ரூபாய் என்று சொல்லி ஆட்சிக்கு வந்தது. 2023-ல் பாஜக 3,100 ரூபாய், ஏக்கருக்கு 21 குவிண்டால் என்று சொல்லி வந்தது. 2024-25 பருவத்தில் 25 லட்சத்துக்கும் மேற்பட்ட விவசாயிகளிடமிருந்து சுமார் 149 லட்சம் டன் நெல் வாங்கப்பட்டது. மாநிலத்தின் வரலாற்றிலேயே உச்சம்.

இவ்வளவு நெல்லையும் நேரில் வாங்குவது அரசு அதிகாரிகள் இல்லை. 2,000-க்கும் மேற்பட்ட கூட்டுறவு சங்கங்கள், 2,700-க்கும் மேற்பட்ட மையங்களில் வாங்குகின்றன. எடை போடுவது, ஈரப்பதம் பார்ப்பது, கம்ப்யூட்டரில் ஏற்றுவது, காவல் காப்பது எல்லாம் சங்க ஊழியர்கள். நெல்லுக்கான பணம் மார்க்ஃபெட் வழியாக வருகிறது. விவசாயியின் வங்கிக் கணக்கு மாவட்ட மத்திய கூட்டுறவு வங்கியில் இருக்கிறது. அதனால் சங்கம், மார்க்ஃபெட், வங்கி என மூன்று தரப்பும் ஒவ்வொரு பருவத்துக்கும் ஓர் ஒப்பந்தத்தில் கையெழுத்துப் போடுகின்றன.

அந்த ஒப்பந்தத்தில் இரண்டு விஷயங்களைக் கவனிக்க வேண்டும்.

ஒன்று, மையத்தில் இருக்கும் நெல்லின் எடைக்கும் தரத்துக்கும் சங்கமே பொறுப்பு. இரண்டு, மையத்தில் வைத்துக்கொள்ளக்கூடிய அளவைத் தாண்டிய நெல்லை 72 மணி நேரத்துக்குள் மார்க்ஃபெட் எடுத்துச் செல்ல வேண்டும். ஒன்று அரிசி ஆலைக்குப் போகணும், இல்லையென்றால் மார்க்ஃபெட்டின் சேமிப்பு மையத்துக்குப் போகணும்.

முதல் விதி கண்டிப்பாக அமலாகிறது. இரண்டாவது விதி? ஆலைக்காரர்கள் பாக்கிப் பணம் கேட்டு வேலையை நிறுத்தினால் லாரி வராது. 2024 டிசம்பரில் அப்படித்தான் ஆனது. மத்தியத் தொகுப்புக்கு எவ்வளவு அரிசி எடுத்துக்கொள்வோம் என்று டெல்லி போடும் வரம்பு குறைந்தாலும் லாரி வராது. சேமிப்பு மையம் நிரம்பினாலும் அப்படியே. 72 மணி நேரம் என்பது சில இடங்களில் 72 நாளாகவும் நீள்கிறது என்பதுதான் சங்கங்களின் புகார்.

மூன்றரை கிலோ கணக்கு

இதை ஒரு பேப்பரில் போட்டுப் பார்த்தால்தான் விஷயம் புரியும்.

அரசின் தர விதிப்படி நெல்லில் ஈரப்பதம் 17 சதவீதம் வரை இருக்கலாம். அதாவது 100 கிலோவில் 17 கிலோ தண்ணீர், 83 கிலோ உலர்ந்த பொருள். குளிர்காலம் முடிந்து வெயில் ஏறும்போது அதே நெல் 14 சதவீதத்துக்கு இறங்குகிறது என்று வையுங்கள். 83 கிலோ அப்படியேதான் இருக்கும், தண்ணீர் மட்டும் குறையும். 83-ஐ 0.86-ஆல் வகுத்தால் 96.5 கிலோ. ஆக 3.5 கிலோ போயிடுச்சு. 12 சதவீதம் வரை காய்ந்தால் 5.7 கிலோ போகும். இது எட்டாம் வகுப்புக் கணக்கு, இதில் வாதாட எதுவும் இல்லை.

இப்போது பணத்துக்கு வருவோம். 50,000 குவிண்டால் வாங்கிய ஒரு சங்கத்தை எடுத்துக்கொள்வோம். இது கற்பனைச் சங்கம்தான், ஆனால் ஒரு மையத்துக்கான மாநில சராசரிக்குப் பக்கத்தில் இருக்கும் அளவு. 17-லிருந்து 14-க்கு இறங்கினால் குறையும் எடை சுமார் 1,745 குவிண்டால். 2025-26-க்கான சாதாரண ரக ஆதார விலையான 2,369 ரூபாயில் பெருக்கினால் 41 லட்சம் ரூபாய். மாநிலம் கொடுக்கும் 3,100 ரூபாயில் பெருக்கினால் 54 லட்சம்.

சங்கத்துக்குக் கிடைக்கும் வருமானம்? மத்திய அரசின் செலவுக் கணக்கில் சங்கங்களுக்கான கமிஷன் குவிண்டாலுக்கு 32 ரூபாய் அளவில்தான் இருந்துவருகிறது. 50,000 குவிண்டாலுக்கு 16 லட்சம். அதே செலவுக் கணக்கில் காய்ச்சல் இழப்புக்கு நீண்ட காலமாகக் கொடுக்கப்பட்ட இடம் 1 சதவீத அளவுதான்.

சுருக்கமாகச் சொன்னால், குவிண்டாலுக்கு ஒன்றரை கிலோ குறைந்தாலே சங்கத்தின் மொத்த கமிஷனும் காலி. ஊழியர் சம்பளம் அந்த கமிஷனிலிருந்துதான் வரணும். சங்கத்தின் பங்கு மூலதனமோ உறுப்பினர்களான விவசாயிகளுடையது. வலது கையில் நெல்லுக்குப் பணம் வாங்கிய விவசாயியின் இடது கையிலிருந்து, அதே நெல் காய்ந்ததற்காக அபராதம் போகிறது. அவருக்கே அது தெரியாது.

இன்னொரு பக்கத்தையும் சொல்லியாகணும். எல்லா நெல்லும் 17 சதவீத ஈரத்தோடு வருவதில்லை. 14, 15-ல் நன்றாகக் காய்ந்து வரும் நெல்லும் நிறைய. அந்த நெல்லில் 5 கிலோ குறைந்தது என்றால் காரணம் வெயில் இல்லை. வராத நெல்லை வந்ததாகக் கம்ப்யூட்டரில் ஏற்றி, பிறகு 'சுக்கத்' என்று கணக்கைச் சரிக்கட்டிய புகார்களும் அங்கே உண்டு. பக்கத்து மாநிலத்தில் விலை குறைவு, இங்கே 3,100 என்றால், எல்லை தாண்டி நெல் வரத்தான் செய்யும். மேல்மட்டமும் சுத்தம் என்று சொல்வதற்கில்லை. ஆலைகளுக்கான அரவை ஊக்கத்தொகை விவகாரத்தில் மார்க்ஃபெட்டின் முன்னாள் நிர்வாக இயக்குநர் ஒருவரே 2024-ல் அமலாக்கத் துறையால் கைது செய்யப்பட்டார்.

ஆக, காய்ந்த நெல்லும் உண்டு, களவு போன நெல்லும் உண்டு. எது எவ்வளவு என்று பிரித்துச் சொல்ல வேண்டிய வேலைதான் கோர்ட்டுக்கு வருகிறது.

சரி, சட்டம் என்ன சொல்லுது?

இதற்கென்று தனிச் சட்டம் எதுவும் இல்லை. குறைந்தபட்ச ஆதார விலையே சட்டம் இல்லை, அது அரசின் நிர்வாக முடிவு. அதனால் வழக்கறிஞர்கள் கையில் எடுப்பது எல்லாம் பழைய சட்டங்கள். 1872-ம் ஆண்டு இந்திய ஒப்பந்தச் சட்டம், 1930-ம் ஆண்டு சரக்கு விற்பனைச் சட்டம். டோக்கனை ஆப்பில் எடுத்து, பணத்தை நேரடியாக வங்கிக் கணக்கில் போடும் காலத்திலும் சண்டை என்று வந்தால் பிரிட்டிஷ் காலத்துப் பிரிவுகள்தான்.

முதல் கேள்வி, சங்கம் யார்? நெல்லை வாங்கியவரா, வாங்கிக் கொடுத்தவரா? சங்கம் தன் பணத்தில், தனக்காக வாங்கவில்லை. மார்க்ஃபெட்டுக்காக வாங்குகிறது. அப்படியென்றால் அது முகவர். ஒப்பந்தச் சட்டத்தின் 222-வது பிரிவுப்படி, முகவர் தனக்குக் கொடுத்த அதிகாரத்துக்குள் சட்டப்படி செய்த செயல்களால் வரும் விளைவுகளிலிருந்து அவரைக் காப்பாற்ற வேண்டியது அவரை நியமித்தவரின் கடமை. 'நீ சொன்னபடி வாங்கினேன், நீ சொன்ன இடத்தில் வைத்தேன், காய்ந்துபோச்சு' என்பது சங்கத்தின் முதல் வாதம்.

இரண்டாவது, காவலில் இருக்கும் பொருள் பற்றிய கேள்வி. அடுத்தவர் பொருளைப் பாதுகாப்பவர், சாதாரண விவேகமுள்ள ஒருவர் தன் சொந்தப் பொருளை எப்படிப் பார்த்துக்கொள்வாரோ அப்படிப் பார்த்துக்கொண்டால் போதும் என்கிறது 151-வது பிரிவு. அப்படிப் பார்த்தும் இழப்பு வந்தால் அவர் பொறுப்பில்லை என்கிறது 152. கேட்க நன்றாக இருக்கிறது. ஆனால் 152-ல் ஒரு சின்னக் கண்ணி இருக்கிறது. 'சிறப்பு ஒப்பந்தம் எதுவும் இல்லாதபோது' என்ற நிபந்தனை. மார்க்ஃபெட் போட்டிருக்கும் ஒப்பந்தம் அந்தச் சிறப்பு ஒப்பந்தம்தான். 'எடைக் குறைவுக்கு நீதான் பொறுப்பு என்று கையெழுத்துப் போட்டாயே' என்று அவர்கள் காகிதத்தை நீட்டுவார்கள்.

சங்கத்துக்கு வலுவான ஆயுதம் அதே காகிதத்தில்தான் இருக்கிறது: 72 மணி நேரம். ஒப்பந்தத்தில் இரு தரப்பும் ஒருவருக்கொருவர் வாக்குறுதி கொடுத்திருந்து, ஒன்று முடிந்தால்தான் மற்றதைச் செய்ய முடியும் என்றிருந்தால், முதலில் செய்ய வேண்டியவர் செய்யாமல் விட்டுவிட்டு மற்றவரிடம் 'நீ செய்' என்று கேட்க முடியாது என்கிறது 54-வது பிரிவு. சரக்கு விற்பனைச் சட்டத்தின் 26-வது பிரிவு இன்னும் நேரடி. பொருளை எடுத்துச் செல்வது யாருடைய தவறால் தாமதமானதோ, அந்தத் தாமதம் இல்லாவிட்டால் வந்திருக்காத இழப்பு அவர் தலையில். காய்ச்சல் இழப்புக்கென்றே எழுதியது போல இருக்கிறது, இல்லையா? ஆனால் அது விற்பவருக்கும் வாங்குபவருக்கும் இடையிலான விதி. முகவரான சங்கத்துக்கு அது பொருந்துமா என்று எதிர்த்தரப்பு கேட்கும். அதன் தர்க்கத்தைக் காட்டலாம், பிரிவை அப்படியே நீட்ட முடியாது.

இன்னொன்று, இது பேரம் பேசிப் போட்ட ஒப்பந்தமா? அச்சடித்து வரும், கையெழுத்துப் போட வேண்டியதுதான். 1986-ல் பிரோஜோநாத் கங்குலி வழக்கில் உச்ச நீதிமன்றம் ஒரு விஷயத்தைத் தெளிவாக்கியது. பேரம் பேசும் பலமே இல்லாத ஒருவர் மீது திணிக்கப்பட்ட, மனசாட்சிக்கு ஒவ்வாத ஷரத்து பொதுக் கொள்கைக்கு எதிரானது, செல்லாது. அது ஒரு பொதுத் துறை நிறுவன ஊழியரின் வேலைநீக்க வழக்கு. நெல்லுக்கும் அதற்கும் சம்பந்தமில்லை. ஆனாலும் அரசு நீட்டும் அச்சடித்த ஒப்பந்தங்களுக்கு எதிராக இன்றும் முதலில் எடுக்கப்படும் தீர்ப்பு அதுதான்.

அப்போ சங்கங்கள் ஈஸியா ஜெயிச்சிடலாமே?

அங்கேதான் சிக்கல். வாதத்துக்குப் போகும் முன் வாசலைத் தாண்டணும்.

பிலாஸ்பூரில் உள்ள சத்தீஸ்கர் உயர் நீதிமன்றத்தில் சங்கம் ரிட் மனு போடுகிறது என்று வையுங்கள். எதிர்த்தரப்பு முதலில் சொல்வது, 'இது ஒப்பந்தத் தகராறு, ரிட் போட முடியாது'. அடுத்தது, 'கூட்டுறவுச் சட்டத்தில் இதற்குத் தனி வழி இருக்கிறது, அங்கே போங்கள்'. மத்தியப் பிரதேசத்திலிருந்து சத்தீஸ்கர் அப்படியே எடுத்துக்கொண்ட 1960-ம் ஆண்டு கூட்டுறவு சங்கங்கள் சட்டத்தின் 64-வது பிரிவு, சங்கம் தொடர்பான தகராறுகளைப் பதிவாளரிடம் அனுப்பச் சொல்கிறது.

பதிவாளர் யார்? மாநில அரசின் அதிகாரி. நெல் வாங்கச் சொன்னது யார்? மாநில அரசு. கொள்கையை வகுத்தவர் வீட்டுத் திண்ணையிலேயே பஞ்சாயத்து. சட்டப்படி அவர் தனி அதிகார அமைப்புதான் என்றாலும், ஒரு சங்க மேலாளர் அந்த அறைக்குள் எந்த நம்பிக்கையோடு நுழைவார் என்று யோசித்துப் பாருங்கள்.

மூன்றாவது தடை இன்னும் சுவாரஸ்யம். மார்க்ஃபெட்டும் ஒரு கூட்டுறவு அமைப்புதான். 2013-ல் கேரளத்தின் தலப்பாலம் கூட்டுறவு வங்கி வழக்கில், கூட்டுறவுச் சட்டத்தில் பதிவாகிவிட்டது என்பதற்காகவோ பதிவாளரின் மேற்பார்வை இருக்கிறது என்பதற்காகவோ ஒரு சங்கம் 'அரசு' ஆகிவிடாது என்றது உச்ச நீதிமன்றம். அரசின் கட்டுப்பாடு ஆழமாகவும் முழுமையாகவும் இருக்கிறது என்று நிரூபித்தால்தான் அது 'அரசு'. அதனால் 'நாங்களும் உங்களை மாதிரி ஒரு சங்கம்தானே' என்று மார்க்ஃபெட் சொல்ல இடம் இருக்கிறது.

இதற்கெல்லாம் மாற்று மருந்தும் இருக்கிறது. இயற்கை நீதி மீறப்பட்டால், அதாவது விளக்கம் கேட்காமலே பிடித்தம் செய்தால், மாற்று வழி இருந்தாலும் ரிட் கேட்கலாம் என்பது 1998-ல் வேர்ல்பூல் வழக்கில் உறுதியான நிலைப்பாடு. ஒப்பந்த விவகாரத்திலும் அரசு தன்னிச்சையாக நடந்துகொண்டால் ரிட் செல்லும் என்றது 2003-ன் ஏ.பி.எல் இன்டர்நேஷனல் தீர்ப்பு.

ஆனால் இந்த மாதிரி வழக்குகளில் சங்கத்துக்குக் கையில் கிடைப்பது பெரும்பாலும் முழு வெற்றி இல்லை. 'மனுதாரரின் கோரிக்கையை இத்தனை வாரத்துக்குள் பரிசீலித்து முடிவெடுங்கள்' என்ற வகை உத்தரவு. பரிசீலிக்கப்போவது அதே அலுவலகம். அதற்குள் அடுத்த பருவம் வந்துவிடும்.

வழக்கு கிரிமினலா மாறும்போது

பணப் பிரச்னை வரைக்கும் சங்கத்தின் தலைவலி. எஃப்.ஐ.ஆர் போட்டால் அது தனி மனிதரின் தலைவலி. மையப் பொறுப்பாளர், சங்க மேலாளர், சில நேரம் மாதச் சம்பளத்துக்கு வேலை பார்க்கும் கம்ப்யூட்டர் ஆபரேட்டர்.

நம்பிக்கை மோசடி, பழைய இந்திய தண்டனைச் சட்டத்தில் 409, இப்போதைய பாரதிய நியாய சன்ஹிதாவில் 316(5). அதிகபட்சம் ஆயுள் தண்டனை வரை போகும் குற்றம். இதில் எடை குறைந்தது என்று காட்டுவது மட்டும் போதாது. நேர்மையற்ற எண்ணத்தோடு பொருளைத் தனதாக்கினார் என்பதும் இருக்க வேண்டும். ஆனால் நடைமுறையில், 'உன் பொறுப்பில் இருந்தது, இப்போது இல்லை, விளக்கம் சொல்' என்ற இடத்திலிருந்துதான் விசாரணை தொடங்கும். விளக்கம் சொல்ல ஆவணம் வேண்டும். வாங்கிய அன்று ஈரப்பதம் எவ்வளவு, 'லாரி அனுப்புங்கள்' என்று எத்தனை முறை எழுதினோம், மழை பெய்த நாளில் அட்டி எந்த நிலையில் இருந்தது என்பதெல்லாம் தேதியோடு இருந்தால் தப்பிக்கலாம். நெல் வரத்து உச்சத்தில் இருக்கும் நாளில், வெளியே டிராக்டர் வரிசை நிற்கும்போது, ஒவ்வொரு லாட்டுக்கும் ஈரப்பதத்தைப் பதிவேட்டில் எழுதிவைக்கும் மையங்கள் எத்தனை?

2025 நவம்பரில் கொள்முதல் தொடங்கும் நேரத்தில் சத்தீஸ்கர் சங்க ஊழியர்கள் வேலைநிறுத்தத்தில் இருந்தார்கள். கோரிக்கைகளில் முக்கியமானது இந்தக் காய்ச்சல் இழப்புக்கு ஈடு. அரசின் பதில் எஸ்மா, அதாவது அத்தியாவசியப் பணிகள் பராமரிப்புச் சட்டம். எடையே குறையாமல் ஒப்படைக்கும் சங்கங்களுக்கு ஊக்கத்தொகை என்ற அறிவிப்பும் உண்டு. எடையே குறையாத நெல்! மேலே போட்ட கணக்கை ஒருமுறை திரும்பிப் பாருங்கள். நெல் நன்றாகக் காய்ந்த நிலையில் வாங்கப்பட்டிருக்க வேண்டும், அல்லது லாரி உடனே வந்திருக்க வேண்டும். இரண்டும் இல்லாமல் 'ஜீரோ' காட்ட ஒரே வழிதான், வாங்கும்போதே விவசாயியிடம் ஒரு கிலோ சேர்த்து எடை போடுவது. அந்தக் குற்றச்சாட்டும் அங்கே புதுசு இல்லை.

தமிழ்நாட்டில் எப்படி?

நம்ம ஊரில் அமைப்பு வேறு. நேரடி நெல் கொள்முதல் நிலையங்களில் பெரும்பாலானவற்றை நடத்துவது தமிழ்நாடு நுகர்பொருள் வாணிபக் கழகம். சில இடங்களில் கூட்டுறவு சங்கங்கள். கழகம் அரசுக்குச் சொந்தமான நிறுவனம் என்பதால், அதை 'அரசு' என்று நிரூபிக்கத் தனியாகப் போராட வேண்டியதில்லை. உயர் நீதிமன்றத்தில் நேராக ரிட் போடலாம். நெல் மூட்டை ஒன்றுதான், கோர்ட் வாசல்தான் வேறு.

ஆனால் இழப்பு கீழே இறங்கும் பாதை ஒன்றேதான். நிலையத்தில் மூட்டைகள் வாரக்கணக்கில் வெயிலில் கிடந்து எடை குறைந்தால், அந்தத் தொகை பட்டியல் எழுத்தரிடமும் பருவகாலப் பணியாளர்களிடமும் வசூலிக்கப்படுகிறது என்பது டெல்டா தொழிற்சங்கங்களின் ரொம்ப நாள் குறை. விவசாயியின் குறை வேறு: மூட்டைக்கு இத்தனை ரூபாய் என்று கேட்கிறார்கள். 2020 அக்டோபரில் இந்த லஞ்சப் புகாரை விசாரித்த உயர் நீதிமன்ற மதுரைக் கிளை, சம்பளத்துக்கு மேல் இப்படி வாங்குவது பிச்சை எடுப்பதற்குச் சமம் என்று கடுமையாகச் சொன்னது நினைவிருக்கலாம். லஞ்சத்தை நியாயப்படுத்த எதுவும் இல்லை. ஆனால் எடைக் குறைவுக்குக் கையிலிருந்து கட்ட வேண்டியிருக்கும் என்று தெரிந்த ஒரு தற்காலிக ஊழியர், அந்தப் பணத்தை எங்கிருந்து முன்கூட்டியே எடுத்து வைப்பார் என்ற கேள்வியை அந்த வழக்குகளில் யாரும் பெரிதாகக் கேட்கவில்லை.

கூட்டுறவு சங்கம் நடத்தும் நிலையம் என்றால் வேறு சட்டம். தமிழ்நாடு கூட்டுறவு சங்கங்கள் சட்டம் 1983, பிரிவு 87. சங்கச் சொத்தில் குறைவு ஏற்படுத்தியவரிடமிருந்து 'தண்டத்தீர்வை' வசூலிக்கும் பிரிவு. இதில் ஊழியருக்கு ஒரு பாதுகாப்பு இருக்கிறது. வெறும் கவனக்குறைவு போதாது, நம்பிக்கை மோசடியோ வேண்டுமென்றே செய்த அலட்சியமோ இருக்க வேண்டும். சென்னை உயர் நீதிமன்றம் இதைப் பல வழக்குகளில் வலியுறுத்தி, அதைக் காட்டாத தண்டத்தீர்வை உத்தரவுகளை ரத்து செய்திருக்கிறது. லாரி வராததால் காய்ந்த நெல்லை வேண்டுமென்றே செய்த அலட்சியம் என்று சொல்வது கஷ்டம்.

இங்கே தமிழ்நாட்டுக்கே உரிய ஒரு திருகல் உண்டு. குறுவை அறுவடையும் வடகிழக்குப் பருவமழையும் ஒன்றாக வரும். நெல் காயாது. அதனால் ஒவ்வொரு ஆண்டும் ஈரப்பத வரம்பைத் தளர்த்தச் சொல்லி டெல்லிக்குக் கடிதம் போகும். 2022 அக்டோபரில் 19 சதவீதம் வரை அனுமதி கிடைத்தது. 2023 பிப்ரவரியில் 20. 2025 அக்டோபரில் மாநிலம் கேட்டது 22.

விவசாயிக்கு இது நியாயமான நிவாரணம், சந்தேகமே இல்லை. ஆனால் கணக்கைப் போடுங்கள். 20 சதவீத ஈரத்தில் வாங்கிய 100 கிலோ, 14-க்குக் காய்ந்தால் 93 கிலோ. 22-ல் வாங்கினால் 90.7 கிலோ. ஈரப்பதத் தளர்வுக்கு அரசாணை வருகிற அதே வேகத்தில், 'இவ்வளவு எடைக் குறைவை ஏற்றுக்கொள்கிறோம்' என்ற அரசாணையும் வர வேண்டும். வராவிட்டால் விவசாயிக்குக் கொடுத்த சலுகையின் செலவை நிலைய ஊழியர் கட்டுகிறார்.

மேலே நடக்கும் சண்டை

மார்க்ஃபெட் ஏன் இவ்வளவு கறாராக இருக்கிறது? அதற்கும் மேலே ஒருவர் கணக்குக் கேட்கிறார் என்பதால். பரவலாக்கப்பட்ட கொள்முதல் முறையில் மாநிலம் வாங்கி, அரைத்து, ரேஷனுக்கும் மத்தியத் தொகுப்புக்கும் கொடுக்கிறது. பச்சரிசி என்றால் 100 கிலோ நெல்லுக்கு 67 கிலோ, புழுங்கல் என்றால் 68 கிலோ. அந்த அளவுக்கு மேல் எது குறைந்தாலும் மாநிலத்தின் பாடு.

ஆதார விலைக்கு மேல் போனஸ் கொடுக்கும் மாநிலங்களிடம் ரேஷன் தேவைக்கு மேல் அரிசி எடுக்க மாட்டோம் என்பது 2014-லிருந்து மத்திய அரசின் நிலைப்பாடு. 2019-ல் சத்தீஸ்கர் அதில் மாட்டியது. ஆதார விலையை மட்டும் கொள்முதலில் கொடுத்து, மீதியை 2020 மே மாதம் தொடங்கிய ராஜீவ் காந்தி கிசான் நியாய் திட்டம் என்ற தனித் தலைப்பில் கொடுத்து சமாளித்தது. ஆட்சி மாறியும் உத்தி மாறவில்லை, தலைப்பு மட்டும் மாறியது. அதிக விலை, அதிக வரத்து, ஆனால் டெல்லி எடுப்பதோ குறிப்பிட்ட அளவு. 2024-25-ல் மிஞ்சிய நெல்லை ஏலம் விட வேண்டி வந்தது. மிஞ்சிய நெல் எங்கே கிடந்து காயும் என்று சொல்லத் தேவையில்லை.

பஞ்சாப் இதைவிட ஒரு படி மேலே போனது. அங்கே சண்டை எடை பற்றியது இல்லை, 3 சதவீத ஊரக மேம்பாட்டுக் கட்டணம் பற்றியது. கொள்முதல் செலவில் அதைச் சேர்த்துத் தர மத்திய அரசு மறுத்ததும், 2023-ல் மாநிலம் அரசியலமைப்பின் 131-வது பிரிவின் கீழ் நேராக உச்ச நீதிமன்றம் போனது. பாக்கி பல ஆயிரம் கோடி. மாநில அரசுக்கு டெல்லியோடு சண்டை போட அந்த வாசல் இருக்கிறது. கிராமத்துச் சங்கத்துக்கு அப்படி ஒன்று கிடையாது.

தீர்க்கவே முடியாதா?

ரொம்பச் சிக்கலான விஷயம் ஒன்றும் இல்லை. வாங்கும்போது ஈரப்பதத்தைப் பதிவு செய்கிறார்கள். எடுத்துச் செல்லும்போதும் பதிவு செய்தால், காய்ந்தது எவ்வளவு, காணாமல் போனது எவ்வளவு என்று கால்குலேட்டரே சொல்லிவிடும். ஏற்கனவே கையில் இருக்கும் கருவிதான், அதே ஊழியர்தான். 72 மணி நேரம் தாண்டிய ஒவ்வொரு நாளையும் ரசீதில் அச்சடிக்கலாம். அப்படிச் செய்தால் களவு செய்தவர் 'சுக்கத்' பின்னால் ஒளிய முடியாது. மார்க்ஃபெட்டும் 'பற்றாக்குறை' என்ற ஒற்றைச் சொல்லின் பின்னால் ஒளிய முடியாது. அதனால்தானோ என்னவோ, இரண்டு பக்கமும் இதற்கு அவசரம் காட்டவில்லை.

இப்போதைக்கு நடைமுறை இதுதான். போன பருவத்தின் பிடித்தத்தை எதிர்த்து வழக்கு நடத்திக்கொண்டிருக்கும் சங்கமும், நவம்பர் வந்தால் அதே ஒப்பந்தத்தில், அதே ஷரத்துக்குக் கீழே, மறுபடியும் கையெழுத்துப் போட வேண்டும். போடவில்லை என்றால் கொள்முதல் இல்லை. கொள்முதல் இல்லை என்றால் அந்த 32 ரூபாயும் இல்லை.